இரண்டாவது குரல்

பெயர் காலையில் வரும். மீன்முள் மாதிரி தொண்டையில் குத்திக்கொண்டு நிற்கும். எங்களுக்கு வேலை உத்தரவு என்பது அதுதான். மேலே இருந்து ஆள் வந்து சொல்வதில்லை, ஓலை வருவதில்லை. வந்தாலும் எனக்குப் படிக்கத் தெரியாது. முள் குத்தினால் எழுந்து, வைக்கோல் செருப்பை மாட்டிக்கொண்டு, அந்தப் பெயருக்கு உரியவர் வீட்டைப் பார்த்து நடக்க வேண்டும். வாசலில் நின்று கூப்பிட வேண்டும். என் குரல் அந்த ஒருவர் காதில் மட்டும்தான் விழும். பதில் சொல்லிவிட்டால் முள் இறங்கிவிடும், அவர் கிளம்பிவிடுவார். எங்கே போகிறார் என்று எனக்குத் தெரியாது. தெரியும் என்று சொல்கிற பிக்குகளை நான் நம்புவதில்லை.

ஊரார் எங்களை ஷினிகாமி என்கிறார்கள். சாவுத்தெய்வமாம். தெய்வமும் இல்லை, ஒன்றும் இல்லை. கூப்பிடுகிற ஆள், அவ்வளவுதான். என் பெயர் குமஹாச்சி. உயிரோடு இருந்தபோது குதிரை ஓட்டினேன். உப்பு மூட்டை ஏற்றிக்கொண்டு காக்கைக் கணவாயைத் தாண்டி கமிசாவாவுக்கு வருவேன். கணவாய் உச்சியில் ஒரு தட்டைப் பாறை உண்டு. அங்கே நின்று கத்தினால் எதிர்மலை அதையே திருப்பிச் சொல்லும். மலைக்குள் ஒருத்தன் உட்கார்ந்து சொல்கிறான் என்பார்கள் மற்ற குதிரைக்காரர்கள். எனக்கு அவனைத் தெரியாது. தெரியாதவனிடம் என் குரலைக் கொடுப்பானேன்? இருபது வருஷம் அந்தப் பாறையைத் தாண்டினேன், ஒருநாளும் அங்கே வாயைத் திறந்ததில்லை.

இந்த வேலையில் ஒரு சங்கடம் உண்டு. ஒரு நாளைக்கு ஒரு குரல்தான் எங்களுக்கு. இரண்டாம் தரம் கூப்பிட நாக்கு எழும்பாது. உயிரோடு இருப்பவர்கள் இதை எப்படியோ தெரிந்து வைத்திருக்கிறார்கள். அதனால் கமிசாவாவில் எவனும் அடுத்த வீட்டு வாசலில் நின்று ஒருதரம் கூப்பிட மாட்டான்; எப்போதும் இரண்டு தரம்தான். ஒற்றைக் குரல் கேட்டால் கதவுக்குப் பின்னால் மூச்சை அடக்கிக்கொண்டு இருந்துவிடுவார்கள். தன் வயசுக்காரன் ஒருத்தன் செத்தான் என்று தெரிந்தால், அந்தச் சேதி உள்ளே போகாதபடி அரிசி அடையை இரண்டு காதிலும் வைத்து அழுத்திக்கொள்வார்கள். போன பனிக்காலத்தில் ஒரு தச்சன் அடைக்கு வழியில்லாமல் சட்டி மூடிகளைக் காதில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். நான் வந்தது அவன் மாமியாருக்கு.

தவணை மூன்று நாள். பெரும்பாலும் இரண்டாம் நாளே பதில் வந்துவிடும். வலி தாங்காமல் ஒற்றைக் குரல் என்று தெரிந்தே சொல்லிவிடுவார்கள். மூன்றாம் நாள் பொழுது சாயும்வரை வாய் திறக்காதவரும் சாகத்தான் செய்வார். ஆனால் கூப்பிட்டுப் போனவர் இல்லை என்பதால் அவருக்குப் போக இடம் கிடையாது. எங்கேயாவது ஒரு பள்ளத்தாக்கில் எங்களைப் போலக் கூப்பிட நிற்க வேண்டியதுதான். நான் அப்படி வந்தவன். முப்பத்தொரு வருஷம் ஆகிறது.

அடுத்த பள்ளத்தாக்குக்கு ரியோ. அவளும் அப்படி வந்தவள்தான். வெந்நீர் ஊற்றுச் சத்திரத்தில் முதுகு தேய்த்துவிட்டவள். இரண்டு பள்ளத்தாக்குக்கும் நடுவில் எல்லைக்கல் இருக்கிறது. வேலை முடிந்தால் அங்கே உட்காருவோம். வழிப்போக்கர்கள் கல்லுக்கு முன்னால் வைத்துவிட்டுப் போன தினை உருண்டையை மோந்து பார்ப்போம். தின்ன முடியாது, மோந்து பார்க்கலாம்.

"யோவ் குதிரைக்காரரே, மறுபடியும் சொல்லு, கேப்போம். உன்னை எத்தனை தரம் கூப்பிட்டாங்க?" என்பாள். என்னைக் கிளறி விடுவதில் அவளுக்கு ஒரு சந்தோஷம்.

"நாலு தரம். நாலு தரமும் நாக்கைக் கடிச்சுக்கிட்டு நின்னேன். என்னை ஏமாத்த முடியுமா?"

"மூணுதான்யா. நமக்கு மூணு நாள், மூணு குரல். உனக்கு மட்டும் எந்த மகராசன் நாலு கொடுத்தான்?"

"நான் எழுதப் படிக்கத் தெரியாதவன். நாலு வரைக்கும் எண்ணத் தெரியும்."

"நாலு குதிரை ஓட்டினவன், அதுக்கு மேல வேணாம்னு விட்டுட்ட போல."

நடந்தது இதுதான். கணவாயில் குதிரை சறுக்கியது. நானும் அதோடு போனேன். பலகையில் வைத்து வீட்டுக்குத் தூக்கி வந்தார்கள். உடம்பு உள்ளே கண்மூடிக் கிடந்தது. நான் வெளியே மல்பெரித் தோட்டத்தில் தூறலில் நின்றுகொண்டிருந்தேன். அன்றைக்கு மேலே எங்கிருந்தோ ஒரு குரல் 'குமஹாச்சி' என்றது. ஒரே ஒருதரம். சரிதான், வந்துவிட்டான் என்று வாயை மூடிக்கொண்டேன். இரண்டாவது குரலுக்காகக் காத்திருந்தேன், வரவில்லை. பிறகு இருமல்காரக் கிழவன் ஒருத்தன் வந்து வேலியருகே நின்று கூப்பிட்டான். அவனுக்கும் பதில் இல்லை. மறுநாளும் அதற்கு மறுநாளும் அவனே வந்தான். ஆக மொத்தம் நாலு. என் கணக்கு தப்பில்லை.

இந்த இலையுதிர் காலத்தில் ஒருநாள் காலை முள் குத்தியது. பெயரைத் தொண்டையில் புரட்டிப் பார்த்தேன். தோமே.

தோமே என்றால் போதும் என்று அர்த்தம். நாலு பெண் பிறந்த பிறகு ஐந்தாவதாக வந்தவளுக்கு வேறு என்ன பெயர் வைப்பார்கள்? அவள் என் பெண்டாட்டி.

இந்த முப்பத்தொரு வருஷமும் அந்த வீட்டு வாசலை மிதிக்காமல் இருந்தேன். பக்கத்து வீடு வரை போயிருக்கிறேன். வேலிக்கு இந்தப் பக்கம் நின்று பார்க்கக்கூட இல்லை. காரணம் உண்டு. ஊரே இரண்டு தரம் கூப்பிடும்போது நான் மட்டும் ஒருதரம் கூப்பிடுகிறவன். சொன்னதையே சொல்லி வாயை வலிக்க வைப்பது எனக்குப் பிடிக்காது. மலையிலிருந்து இறங்கி வந்து வாசலில் நின்று 'தோமே' என்பேன். மாவுக் கையோடு ஓடி வந்து கதவைத் திறப்பாள். 'ஒருநாள் உன் புருஷன் மாதிரியே ஒண்ணு வந்து கூப்பிடப் போகுது, நீயும் ஓடப் போற' என்று பக்கத்து வீட்டுக்காரிகள் சொல்வார்கள். அவர்கள் சொன்னது என்னைத்தான் என்று இப்போது தெரிகிறது. கூப்பிட்ட உடனே வந்துவிடுவாள். அவளைக் கூப்பிடுவதைவிடச் சுலபமான வேலை இந்தப் பள்ளத்தாக்கில் இல்லை. அதுதான் எனக்குப் பிடிக்கவில்லை.

முதல் நாள் வெயில் ஏறிய பிறகு போனேன். அடுப்புக் குழிக்குப் பக்கத்தில் படுக்கை. கால் இரண்டும் வீங்கி, போர்வைக்கு வெளியே கிடந்தன. தலை முழுக்க வெள்ளை. அவள் அக்காள் மகள் மித்சுதான் கூட இருந்து பார்த்துக்கொள்கிறாள். பட்டுப்புழுத் தட்டுகளுக்கு நடுவில் உட்கார்ந்து மல்பெரி இலை நறுக்கிக்கொண்டிருந்தாள். புழுக்கள் தின்கிற சத்தம் மழை மாதிரி கேட்டது.

வாசலில் நின்றேன். பழைய இடம். கூப்பிட்டேன்.

"தோமே!"

அவள் கண் திறந்தது. வாய் திறக்கவில்லை. பிறகு, "கேட்டுச்சு" என்றாள், கூரையைப் பார்த்துக்கொண்டு.

"என்ன கேட்டுச்சு? எலியா?" என்றாள் மித்சு.

"உன் சித்தப்பா."

"பட்டப்பகல்ல செத்தவங்க பேச்சு எதுக்கு சித்தி?" என்றவள் கையில் கத்தி நின்றது. "எத்தனை தரம்?"

"ஒருதரம்."

மித்சு இலையைப் போட்டுவிட்டு ஓடிவந்து அவள் வாயைப் பொத்தினாள். "பேசாத! பதில் கிதில் சொல்லித் தொலைச்சிடாத!"

தோமே அந்தக் கையைத் தள்ளிவிட்டாள். "கையை எடுடி, ஊறின முள்ளங்கி நாத்தம் அடிக்குது. நான் பதில் சொல்லப் போறதில்ல. ஒத்தைக் குரலுக்கு ஓடின காலம் போச்சு."

தோமேயா இப்படிப் பேசுகிறாள்?

"கல்யாணம் ஆன புதுசுல அவரை ரெண்டு தரம் சாப்பிடக் கூப்பிட்டேன். ஏங்க, ஏங்கன்னு. ஊர்ல எல்லாரும் கூப்பிடற மாதிரிதான். 'எத்தனை தரம் கத்துவ? நான் என்ன செவிடா?'ன்னு கஞ்சிக் கிண்ணத்தைத் தள்ளிவிட்டுப் போயிட்டார். அதுக்கப்புறம் நான் அவரை ரெண்டாந்தரம் கூப்பிட்டதே இல்ல."

"தெரிஞ்ச கதைதானே. தூங்கு சித்தி."

"தெரியாதது ஒண்ணு இருக்கு, கேளு. அவரைப் பலகையில கொண்டு வந்து போட்டாங்கல்ல. உசிரைத் திருப்பிக் கூப்பிடணும், கூரையில ஏறுன்னாங்க. அவரோட மேல்சட்டையை எடுத்துக்கிட்டு ஏறினேன். கூரை உச்சியில குதிரை மேல உக்கார்ற மாதிரி உக்காந்து, கணவாயைப் பாத்துச் சட்டையை ஆட்டி, பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன். என் வாயால அவர் பேரைச் சொன்னது அதுதான் முதல் தரம். கீழே நின்னவங்க, 'கூப்பிடு, கூப்பிடு, நிறுத்தாம கூப்பிடு'ன்னு கத்தறாங்க. நான் மாட்டேன்னுட்டேன். அவருக்கு ஒருதரம் சொன்னாப் போதும், ரெண்டாந்தரம் கூப்பிட்டா கோவம் வரும்னு உக்காந்திருந்தேன். மத்தியானம் வரைக்கும் தூறல்ல உக்காந்திருந்தேன். அவர் வரல. கேட்டுச்சு, வரப் பிடிக்கலன்னு இறங்கிட்டேன்."

மித்சு போர்வையை இழுத்து அவள் காலை மூடினாள். புழுக்கள் மட்டும் தின்றுகொண்டிருந்தன.

தோமே வாசலைப் பார்த்துத் திரும்பினாள். நான் நின்ற இடத்தைச் சரியாகப் பார்த்தாள். "இந்தாங்க. இன்னொரு தரம் கூப்பிடுங்க. வர்றேன்."

முள் இறங்கவில்லை; அவள் சொன்னது பதில் இல்லை, நிபந்தனை. நாக்கைத் தூக்கப் பார்த்தேன். ஈரக் களிமண்ணில் புதைந்த கட்டை மாதிரி கிடந்தது.

எல்லைக்கல்லில் ரியோ இருந்தாள். நடந்ததைச் சொன்னேன். அவள் சிரிப்பாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை.

"அப்ப நீ சொன்ன கணக்கு சரிதான்" என்றாள். "நாலுதான்."

"ஆமா."

"முதல் குரல் அவளோடது. அதுக்கு ஓய்னு சொல்லியிருந்தா உடம்புக்குள்ள திரும்பிப் போயிருப்ப."

"அவ குரல்னு எனக்கு எப்படித் தெரியும்? என் பேரை அவ சொல்லி நான் கேட்டதே இல்லையே. கூரை மேல இருந்து வருது, மழையில வருது. எவனோன்னு நினைச்சேன்."

"எல்லாரையும் எவனோன்னுதான நினைப்ப நீ."

செத்த நாளிலிருந்து பெருமை பேசி வந்திருக்கிறேன், நாலு தரம் ஏமாறவில்லை என்று. அதில் மூன்று தரம் சாவை ஏமாற்றினேன். ஒருதரம் என் பெண்டாட்டியை.

மறுநாள் மறுபடி போனேன். மூச்சு அவளுக்கு இழுத்துக்கொண்டிருந்தது. மித்சு பஞ்சில் தண்ணீர் நனைத்து உதட்டில் வைத்தாள். அவள் கண் சிவந்திருந்தது. நான் படுக்கையருகே குனிந்து, கெஞ்சுகிற மாதிரி கூப்பிட்டேன். எனக்குக் கெஞ்சிப் பழக்கமில்லை. எப்படி வந்ததோ தெரியாது.

தோமே கேட்டாள். பல்லைக் கடித்துக்கொண்டு வலியை விழுங்கினாள். "அது நேத்து, இது இன்னைக்கி" என்றாள். "நேத்து ஒண்ணையும் இன்னைக்கி ஒண்ணையும் ஒட்டவெச்சு ரெண்டுன்னு சொல்லாதீங்க. மனுஷன் மனுஷியைக் கூப்பிடற மாதிரி கூப்பிடுங்க."

"சித்தி, போதும், யார்கிட்ட பேசுற?" என்று மித்சு அழுதாள். "வலிக்குதுன்னா பதில் சொல்லிடு சித்தி. நான் ஒண்ணும் சொல்லல. நேத்து வாயைப் பொத்தினது தப்புதான்."

"உனக்கு என்னடி. நான் சொல்லும்போது சொல்வேன்."

அவள் பிடிவாதம் எனக்குத் தெரியாது. கூட வாழ்ந்தபோது நான் பார்த்ததில்லை. இருந்திருக்கும், பார்க்கவில்லை.

அன்று எல்லைக்கல்லில் உட்கார்ந்து ரியோவிடம் சொன்னேன், நாளைக்குப் பொழுது சாய்ந்தால் அவளும் நம்மைப் போல ஆகிவிடுவாள் என்று. வீங்கின காலோடு எந்தப் பள்ளத்தாக்கில் நடப்பாள்? யார் வீட்டு வாசலில் நிற்பாள்? ஒற்றைக் குரலுக்கே ஓடினவளை ஒற்றைக் குரல் கொடுத்துக்கொண்டே காலம் தள்ள வைப்பதா?

"நான் கூட வந்து ஒரு குரல் கொடுக்கட்டுமா? உன்னது ஒண்ணு, என்னது ஒண்ணு" என்றாள் ரியோ. அப்படிக் கேட்கிறவள் அல்ல அவள்.

"உன் தொண்டையில அவ பேர் இல்லையே. வராது. வந்தாலும் உன் குரலை என் குரல்னு நினைக்க அவ என்ன பைத்தியமா?"

"ஆமா, என்னது நல்ல குரல்."

அப்போது கணவாயில் எவனோ ஒரு குதிரைக்காரன், சறுக்கின குதிரையை அதட்டி 'ஹோ!' என்றான். எதிர்மலை 'ஹோ!' என்றது. இரண்டு தரம் கேட்டது. அதே குரல்.

நான் எழுந்து நின்றுவிட்டேன்.

ரியோ என் முகத்தைப் பார்த்தாள். "வேணாம்யா. அவன் உசிரோட இருக்கிறவன். நம்ம குரல் மலைக்குக் கேக்குமா? நமக்கு நிழலே கிடையாது. தண்ணியில முகம் தெரியாது. மலை மட்டும் திருப்பிச் சொல்லுமாக்கும்?"

"தெரியாது."

"ஒரே குரல்தான் பாக்கி. அதை அவ காதுக்குப் பக்கத்துல போய்ச் சொன்னாலாவது மனசு இளகும். வலி வேற. அங்க மேல போய் நின்னு கூப்பிட்டு, மலை சும்மா இருந்துட்டா?"

"இருந்துட்டா அவ்வளவுதான்."

"முன்ன எப்பவாவது அங்க கூப்பிட்டுப் பாத்திருக்கியா?"

"இல்ல. நம்பிக்கை இல்ல."

"இப்ப?"

நான் செருப்பின் வாரை இறுக்கிக் கட்டினேன். இப்போதும் இல்லை என்று சொல்ல வாய் வரவில்லை.

மூன்றாம் நாள் காலை முள் ஆழமாகக் குத்தியது. வீட்டுப் பக்கம் போகவில்லை. போனால் வாசலிலேயே கூப்பிட்டுவிடுவேன் என்று பயம். உப்புப் பாதையில் ஏறினேன். என் குதிரை சறுக்கின வளைவில் இப்போது கல் அடுக்கி வைத்திருக்கிறார்கள். கஷ்கொட்டை முள்ளுக்காய்கள் பாதை முழுக்க வெடித்துக் கிடந்தன. இடுப்பு வலித்தது. நடுவில் இரண்டு தரம் திரும்பிப் போய்விடலாமா என்று நினைத்தேன். ஓரிடத்தில் நினைத்ததோடு நிற்காமல் பத்தடி இறங்கியும் விட்டேன். கேட்கத் தெரியாத ஒரு கல்லிடம் அவளை ஒப்படைக்கப் போகிறேனே என்று. பிறகு அந்தக் கூரை நினைவுக்கு வந்தது. அவள் ஒரு குரல் கொடுத்துவிட்டு, என்னை நம்பி, மத்தியானம் வரை நனைந்துகொண்டு உட்கார்ந்திருந்தாள். மறுபடி ஏறினேன்.

தட்டைப் பாறைக்கு வந்தபோது வெயில் எதிர்மலையின் இடுப்புக்கு மேலே போய்விட்டது. கீழே கமிசாவா தெரிந்தது. என் வீட்டுக் கூரையைக் கண்டுபிடித்தேன். மித்சுவின் புருஷன் புது வைக்கோல் மாற்றியிருக்கிறான், ஒரு பக்கம் மட்டும் மஞ்சளாக இருந்தது.

வாசலில் நிற்பது வழக்கம்தான்; எங்கிருந்து கூப்பிட்டாலும் பெயருக்கு உரியவருக்குக் கேட்கும். அதில் சந்தேகம் இல்லை. சந்தேகம் எதிரே நிற்கிறவன் மேல்தான்.

"இந்தா" என்றேன் எதிர்மலையிடம். அது வெறும் பேச்சு, யாருக்கும் கேட்காது. "உன்னை எனக்குத் தெரியாது. இருபது வருஷம் உன்னை மதிக்காமப் போனவன் நான். எனக்காகச் செய்ய வேணாம்."

வெயில் மலையின் தோளுக்கு ஏறியது. அதற்கு மேல் தள்ளிப்போட முடியாது. அடிவயிற்றிலிருந்து எடுத்து, வாழ்க்கையில் யாரையும் அப்படிக் கூப்பிட்டதில்லை என்கிற மாதிரி கூப்பிட்டேன்.

"தோமே!"

குரல் பள்ளத்தின் மேலே போயிற்று. ஒன்றும் இல்லை. ஒரு காக்கை எழும்பி உட்கார்ந்தது. வாய் இறுகிப்போயிற்று, நாக்கு விழுந்துவிட்டது. இனி என்னால் ஆவது ஒன்றும் இல்லை. அங்கே நின்றேன். கெட்டது, நான் கெடுத்தேன், இதையும் நான்தான் கெடுத்தேன் என்று நின்றேன்.

பிறகு எதிர்மலை மெதுவாக, யோசித்துச் சொல்கிற மாதிரி, என் குரலில் சொன்னது.

"தோமே..."

என்னுடைய கரகரப்புத்தான். கடைசி எழுத்தை இழுக்கிற இழுப்பும் என்னுடையதுதான். அவள் பெயரை நான் எப்படிச் சொல்கிறேன் என்று முதல் தரம் வெளியே இருந்து கேட்டேன். இவ்வளவு மோசமாகவா கூப்பிட்டிருக்கிறேன் என்று வெட்கமாக இருந்தது.

பதில் சொல்கிறவர் எங்கே இருந்தாலும் அது எங்கள் காதுக்கு வந்துவிடும். காத்திருந்தேன். வெயில் உச்சியில் ஒரு விரல் அகலத்துக்கு இருந்தது. கீழே என் வீட்டுக் கூரையிலிருந்து புகை நேராக எழும்பிக்கொண்டிருந்தது.

முதலில் அவள் சிரிப்புதான் வந்தது. இளைப்பும் சிரிப்புமாக. பிறகு அவள் குரல், காதுக்குப் பக்கத்தில், மாவுக் கையோடு ஓடிவருகிறவள் குரல்.

"வர்றேங்க, வர்றேன். எத்தனை தரம் கத்துவீங்க? நான் என்ன செவிடா?"

தொண்டையிலிருந்து முள் இறங்கியது.

கீழே மித்சு கூரையில் ஏறுவது தெரிந்தது. கையில் தோமேயின் மேல்சட்டை. அதை ஆட்டி ஆட்டிக் கூப்பிட்டாள், நிறுத்தாமல், இரண்டு தரம், பத்துத் தரம். வெயில் போன பிறகும் கூப்பிட்டாள். எதிர்மலை அத்தனையையும் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்தது. அவள் முடிக்கும்வரை நான் பாறையிலேயே நின்றேன்.